தொண்ணூற்று மூன்றாம் பக்கம்

துப்பறிவாளர் ஜோசையா கிம்பர் யோசிக்கும்போது சீட்டியடிப்பார். அதுவும் தேவாலயப் பாட்டைத்தான் அடிப்பார். அன்று காலை பத்து மணிக்கு லீட்ஸ் நகரத்து அல்காட் தியேட்டரின் மேடையில் நின்று, மேலே தொங்கிய கயிறுகளைப் பார்த்தபடி, அந்தப் பழக்கத்தில் இரண்டே இரண்டு அடி சீட்டியடித்துவிட்டார்.

ஒரு தச்சரின் கையிலிருந்து சுத்தியல் விழுந்தது. பெயின்ட் அடித்துக்கொண்டிருந்தவர் ஏணியிலிருந்து இறங்கி, கெட்டது அண்டாமலிருக்க மரத்தைத் தொட்டார்.

"வெளிய போங்க," என்றாள் ஓர் ஒல்லியான பெண். தடித்த காகிதக் கட்டு ஒன்றைக் குழந்தையைப் போல மார்போடு அணைத்திருந்தாள். நாடகத்தின் மேடை நிர்வாகி எனிட் பிளன்ட்.

"நீங்கதானேம்மா போன் பண்ணி என்னைக் கூப்பிட்டீங்க?"

"கூப்பிட்டேன். இப்ப வெளிய போங்க. மூணு சுத்து சுத்துங்க. கதவத் தட்டி உள்ள வரலாமான்னு கேளுங்க. நாங்க வாங்கன்னு சொன்னப்புறம் வாங்க."

கிம்பர் தன் உதவியாளர் மேவிஸ் டகெட்டைத் திரும்பிப் பார்த்தார். மேவிஸ் துப்பறிய வருவதற்கு முன் நான்கு வருடம் ஒரு மந்திரவாதியிடம் வேலை பார்த்தவள். வாரம் பன்னிரண்டு தடவை அவளை அவன் இரண்டாக அறுப்பான். நாடகக்காரர்களின் வழக்கங்கள் அவளுக்கு அத்துப்படி.

"முன்னல்லாம் மேலேர்ந்து கயிறு இழுத்து படம் வரைஞ்ச திரையெல்லாம் எறக்கறவங்க கப்பல்காரங்க, பாஸ். சீட்டிதான் அவங்களுக்கு உத்தரவு. நீங்க பாட்டுக்கு ஸ்தோத்திரம் அடிச்சீங்கன்னா ஒரு அரண்மனை உங்க தலைல எறங்கும்."

"இப்ப மேல இருக்கறது கப்பல்காரங்களா?"

"இல்ல. ஆனா பயம் மட்டும் இன்னும் வேலைல இருக்கு."

"நான் மெதடிஸ்ட் சபைல பிரசங்கம் பண்றவன், மேவிஸ். நடுத்தெருவுல மூணு சுத்து சுத்தறது..."

"சுத்துங்க. ஆண்டவரும் பாத்து சிரிக்கட்டும். அவருக்கும் திங்கக்கிழமதானே."

கிம்பர் அங்கே நின்றவர்களின் முகங்களைப் பார்த்தார். உண்மையாகவே பயந்திருந்தார்கள். பயந்தவர்களிடம் வாதாடுவது அவருக்குப் பிடிக்காது. தொப்பியை மாட்டிக்கொண்டு வெளியே போய், நவம்பர் தூறலில், மூன்று முறை நிதானமாகச் சுற்றினார். அந்தப் பக்கம் போன பால்காரர் வண்டியை நிறுத்திப் பார்த்தார். கிம்பர் அவருக்குக் காலை வணக்கம் சொல்லிவிட்டுக் கதவைத் தட்டினார்.

"உள்ள வரலாமா?"

"வாங்க," என்றார்கள் பத்துப் பேர் ஒன்றாக. எனிட் பிளன்ட் மூச்சு விட்டாள்.

"இப்ப சொல்லுங்கம்மா. என்ன காணோம்?"

"தொண்ணூத்தி மூணாம் பக்கம்."

அவள் மார்போடு அணைத்திருந்தது நாடகத்தின் பிரதி. பெயர் 'மூன்றாம் பிளாட்பாரம்'. அன்று மாலை ஏழரைக்கு முதல் காட்சி. ரயில் நிலையத்தில் டீக்கடை நடத்தும் அடா என்ற பெண்ணின் கதை. கடைசிக் காட்சியில், எல்லாம் போதும் என்று ஒரு வாலிபன் கதவருகில் நிற்கிறான். அடா திரும்பி அவனைப் பார்க்கிறாள். தொண்ணூற்றிரண்டாம் பக்கத்தின் அடியில் 'அடா' என்ற பெயர் இருந்தது. அவள் என்ன சொல்கிறாள் என்பது இல்லை.

"மூணு வாரம் ஒத்திகை பாத்திருக்கீங்க. ஒரு வரி இல்லேங்கறது இன்னைக்கித்தான் தெரிஞ்சுதா?" என்றார் கிம்பர்.

எனிட் பிரதியை இன்னும் இறுக்கி அணைத்தாள். மேவிஸ் சொன்னாள்.

"கடைசி வரிய ஒத்திகைல சொல்லக் கூடாது, பாஸ். சொன்னா நாடகம் நாசமாப் போயிரும். முதல் ராத்திரி ஜனங்க முன்னாடிதான் வாயத் தெறக்கணும். அதுவரைக்கும் அந்த எடம் வந்தா 'டிங் டிங் டிங்'குன்னு சொல்லிட்டு வீட்டுக்குப் போயிருவாங்க."

"மூணு வாரமும் டிங் டிங்கா?"

"அடாவா நடிக்கற மிஸ் மோர்டன் ரொம்ப உருக்கமா சொல்வாங்க," என்றாள் எனிட். "முதல் நாள் தச்சர் அழுதுட்டாரு."

மற்றவர்கள் எல்லாரும், அந்தப் பக்கத்தை எனிட் பத்திரமாகப் பூட்டி வைத்திருக்கிறாள் என்று நினைத்தார்கள். எனிட், நாடகம் மிஸ் மோர்டனுக்காகவே எழுதப்பட்டது ஆகையால் அவரிடம் இருக்கிறது என்று நினைத்தாள். மிஸ் மோர்டன், வழக்கப்படி முதல் காட்சியன்று காலையில் எனிட் கொண்டுவந்து தருவாள் என்று காத்திருந்தார். கேட்பதே அபசகுனம் என்பதால் யாரும் யாரையும் கேட்கவில்லை. அன்று காலை ஒன்பது மணிக்கு மிஸ் மோர்டன் கையை நீட்ட, எனிட்டும் கையை நீட்ட, இருவரும் வெறுங்கையோடு நின்றார்கள்.

"யாரோ திருடிட்டாங்க," என்றாள் எனிட். "எட்டுப் பிரதிலயும் இல்ல."

கிம்பர் மேடையில் போட்டிருந்த டீக்கடையைச் சுற்றி வந்தார். ஒரு மேசை, ஒரு கெட்டில், ஒரு தட்டு. தட்டில் பன்றிக்கறியை மாவுக்கூட்டுக்குள் வைத்துச் சுட்ட பெரிய அப்பம் ஒன்று பொன்னிறமாக உட்கார்ந்திருந்தது. பக்கத்தில் ஒரு கத்தி.

"இது?"

"அத ஏன் கேக்கறீங்க. மூணு அங்கமும் மேசைமேல இருக்கும். யாரும் தொடறதில்ல. ஆனா நிஜ அப்பமா இருக்கணும்னு ஆசிரியர் அடிக்கோடு போட்டு எழுதியிருக்காரு. ஒத்திகைக்கு மரத்துல செஞ்சது வச்சோம். இது இன்னைக்காக வாங்கினது. இந்த ரேஷன் காலத்துல இதுக்கு நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்."

"யாரும் தொடறதில்லையா?" என்றாள் மேவிஸ்.

"யாரும்."

மேவிஸ் அந்த அப்பத்தைப் பரிவோடு பார்த்தாள்.

*

லாவினியா மோர்டன் ஒப்பனை அறையில் கண்ணாடிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். வயது ஐம்பத்தொன்பது. அந்த முகத்தை இங்கிலாந்தில் தெரியாதவர்கள் இல்லை. பதினெட்டு வருடமாகத் திரையில் எல்லாருடைய அம்மாவும் அவர்தான்.

"உக்காருங்க, கண்ணே," என்றார் கிம்பரிடம். நாடகக்காரர்கள் போலீஸ்காரரையும் கண்ணே என்றுதான் கூப்பிடுவார்கள். "பேப்பர் பாத்தீங்களா? கேமரா முன்னாடி ரெண்டு ரெண்டு வரியாச் சொல்லிப் பழகினவ மேடைல மூணு மணி நேரம் தாங்குவாளான்னு கேட்டிருக்காங்க. இன்னைக்கி லண்டன்லேர்ந்து தியேட்டர் முதலாளி வர்றாரு. கடைசிக் காட்சில நான் வாயத் தெறந்து ஒண்ணும் வரலேன்னு வைங்க. வரி காணாமப் போச்சுன்னு யாரும் எழுத மாட்டாங்க. கிழவி மறந்துட்டான்னு எழுதுவாங்க. அதோட முடிஞ்சுது. இந்தக் கம்பெனில பதினாலு பேரு இருக்காங்க. அவங்க வேலையும் முடிஞ்சுது."

"வேற ஒரு வரி சொல்லிட்டா?"

"காலைலேர்ந்து பதினோரு வரி எழுதிக் குடுத்துட்டாங்க. வாலிபனா நடிக்கற கிளைவ் அந்தக் கடைசி வரிய அவனே பேசிக்கறேங்கறான். தாராள மனசு." அவர் ஒரு கடிதத்தை நீட்டினார். "இதப் படிங்க. எட்வின் பார்ஸ்லோ. இந்த நாடகத்த எழுதினவரு. நேர்ல நான் பாத்ததே இல்ல. ஜூலைல காலமாயிட்டாரு."

கடிதம் சின்னது. 'இந்த நாடகத்தில் எதை வேண்டுமானாலும் மாற்றிக்கொள்ளுங்கள். கடைசி வரியை மட்டும் யாரையும் தொடவிடாதீர்கள்.'

"சரின்னு பதில் எழுதினேன்," என்றார் லாவினியா. "உயிரோட இருக்கறவங்ககிட்ட குடுத்த வாக்குன்னா போய் மன்னிப்புக் கேக்கலாம். போனவர்கிட்ட எப்படிக் கேக்கறது?"

கிம்பர் அந்தக் கடிதத்தை மரியாதையாக மடித்துத் திருப்பிக் கொடுத்தார். சீட்டியடிக்க உதடு குவிந்தது. சட்டென்று ஒரு புதினா மிட்டாயை வாயில் போட்டு அதை அடக்கினார்.

நடையில் மேவிஸ் எட்டுப் பிரதிகளையும் அடுக்கி வைத்துக்கொண்டு நின்றாள். உதட்டைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"கிழிச்ச அடையாளமே இல்ல, பாஸ். தாளக் கோத்த ஆணிக்கு அடில ஒரு துணுக்குக் காகிதம்கூட மாட்டல. அப்புறம் இந்த அட்டையப் பாருங்க."

அட்டையின் மூலையில் தட்டச்சு செய்த கடையின் முத்திரை இருந்தது. 'மிஸ் ஆகில்வி, பார்க் சந்து.' அதன் கீழே, 'மொத்தம் 92 பக்கங்கள்.'

"தொண்ணூத்தி ரெண்டுன்னு போட்டிருக்கு. தொண்ணூத்தி ரெண்டு இருக்கு," என்றாள் மேவிஸ். "இல்லாத பக்கத்தத் திருடிட்டுப் போயிருக்கான். இப்படி ஒரு திருடன என் மந்திரவாதி பாத்திருந்தா காலடில விழுந்து கும்பிட்டிருப்பான்."

*

மிஸ் ஆகில்வி குட்டையானவர். மூக்கு நுனியில் கண்ணாடி. பிரதியைக் காட்டியதும் முகம் இறுகிவிட்டது.

"கடைசியா ஒருத்தர் கேட்டு வந்துட்டீங்க. நாலு மாசமா எனக்குத் தூக்கமில்ல."

"நீங்க அடிச்சது இவ்வளவுதானா?"

"அவர் குடுத்தது இவ்வளவுதான். முப்பது வருஷமா தட்டச்சு பண்றேன், சார். என் கையால பாதில நின்ன பக்கம் ஒண்ணுகூட வெளிய போனதில்ல. ஒரு முற்றுப்புள்ளியாவது வைக்கட்டுமான்னு கெஞ்சினேன். வேணாம்னுட்டாரு."

"ஏன் எழுதலேன்னு சொன்னாரா?"

"சொன்னாரு. 'அந்த வரி என்னோடது இல்ல, மிஸ் ஆகில்வி'ன்னாரு. அதோட சொந்தக்காரங்க இருக்காங்க. முதல் காட்சியன்னைக்கி அவங்களே வந்து சொல்லிக்குவாங்கன்னாரு. ஒத்திகைக்கு நான் பக்கத்துலதான் இருப்பேன், அவங்களுக்கு ஞாபகப்படுத்தறேன்னாரு. எங்க இருந்தாரு? ஜூலைலயே போயிட்டாரு. நல்ல மனுஷன். வரும்போதெல்லாம் ஒரு பன் வாங்கிட்டு வந்து எனக்குப் பாதி குடுப்பாரு."

மேவிஸ் தெருவில் இறங்கியதும் சொன்னாள். "திருட்டே நடக்காத கேஸ்ல திருடனப் புடிக்கறது கஷ்டம், பாஸ்."

"திருடன் வேணாம். சொந்தக்காரங்களப் புடிப்போம்," என்றார் கிம்பர். "பார்ஸ்லோ எங்க குடியிருந்தாரு?"

*

நடிகர்களுக்கு அறை விடும் மிஸஸ் ஆக்ராய்டின் வீடு டிராம் தடத்துக்குப் பக்கத்தில் இருந்தது. டிராம் போகும்போதெல்லாம் அலமாரியில் கோப்பைகள் பேசிக்கொண்டன. மிஸஸ் ஆக்ராய்டுக்கு அகலமான முகம், அதைவிட அகலமான சமையல் ஏப்ரன்.

"நாப்பது வருஷம் இங்கதான் இருந்தாரு, கண்ணு. நடிக்க வந்தாரு. நடிப்பு வரல. எழுத ஆரம்பிச்சாரு. அதுவும் மெதுவாத்தான் வந்துச்சு. மேல போய்ப் பாருங்க. அறைய இன்னும் யாருக்கும் விடல. மனசு வரல."

அறையின் ஒரு சுவர் முழுக்கத் தபால் அட்டைப் படங்கள். எல்லாவற்றிலும் ஒரே முகம். கிம்பரும் மேவிஸும் இடமிருந்து வலமாக நடந்து லாவினியா மோர்டனின் வாழ்க்கையைப் பார்த்தார்கள். முதல் படத்தில் தட்டு ஏந்திய மூன்றாம் வேலைக்காரி. அடுத்து இரண்டாம் வேலைக்காரி. பிறகு வீட்டு எஜமானியின் தங்கை, எஜமானி, ஒரு விதவை, ஒரு மகாராணி. ஜன்னலைத் தாண்டியதும் சினிமாப் படங்கள்.

"இந்தப் படத்துல இவங்களுக்கு மூணு புள்ளைங்க போருக்குப் போறாங்க," என்றாள் மேவிஸ். "அடுத்ததுல அஞ்சு. ராணுவத்துக்குப் பாதி ஆள் இவங்க வீட்லேர்ந்துதான் போயிருக்கு."

கிம்பர் முதல் படத்தைச் சுவரிலிருந்து எடுத்துத் திருப்பினார். பின்னால் பென்சிலில் இரண்டே வார்த்தைகள். 'இவள்தான். 1913.'

"ரெண்டு பேரும் முன்னாடியே தெரிஞ்சவங்களா?" என்றார் கிம்பர்.

"அவர் போய்ப் பேசினதே இல்ல," என்றார் மூச்சிரைக்க மேலே வந்த மிஸஸ் ஆக்ராய்டு. "போய்ப் பேசுங்களேன்னு நானும் சொல்லிட்டேன். அவங்களுக்கு ஞாபகம் இருக்காது, போய் நின்னா எனக்கு வெக்கமா இருக்கும்பாரு. வாங்க, டீ ஆறுது."

டீ, இலையை வெந்நீருக்கு மேலே காட்டிவிட்டு எடுத்தது போல இருந்தது. மேவிஸ் கோப்பையின் அடியிலிருந்த பூவைத் தெளிவாகப் பார்த்து ரசித்தாள். கிம்பர், அங்கே தங்கியவர்கள் எழுதிவைக்கும் புத்தகத்தைக் கேட்டார். மிஸஸ் ஆக்ராய்டின் மாமியார் காலத்துப் புத்தகம் ஒன்று பரணிலிருந்து இறங்கியது.

1911 நவம்பர். கோணல் கையெழுத்து.

'அறை நன்று. படுக்கை ஈரம். நேற்று க்ரூ ரயில் நிலையத்தில் இறங்கினேன். என்னைக் கம்பெனியிலிருந்து நீக்கிவிட்டார்கள். நடிப்பும் வேண்டாம், நாடகமும் வேண்டாம் என்று வீட்டுக்குப் போகும் ரயிலுக்காக நின்றேன். வேறொரு கம்பெனிப் பெண் தன் பெட்டிமேல் கறி அப்பத்தை வைத்து வெட்டி, பாதியை எனக்குத் தந்தாள். நான் சாப்பிட்டு முடிப்பதற்குள் வீட்டுக்குப் போகும் ரயில் போய்விட்டது. லீட்ஸ் ரயில்தான் நின்றது. ஏறிவிட்டேன். பெயர் கேட்க மறந்துவிட்டேன்.'

டிராம் ஒன்று போனது. கோப்பைகள் பேசின.

"அதுக்கப்புறம் மனுஷன் எதையும் முழுசா தின்னதில்ல," என்றார் மிஸஸ் ஆக்ராய்டு. "தட்டுல எது வச்சாலும் பாதிய வெட்டி எதிர்ல இருக்கறவங்களுக்குத் தள்ளிருவாரு. என் சமையல் புடிக்கலயோன்னு பத்து வருஷம் சண்ட போட்டேன்."

கிம்பர் எழுந்து நின்றார். "மேவிஸ், மூணு அங்கமும் மேசைமேல ஒரு அப்பம் இருக்கு. பக்கத்துல கத்தி. யாரும் தொடறதில்ல. நிஜ அப்பமா இருக்கணும்னு அடிக்கோடு போட்டிருக்காரு. ஏன்? கடைசில ஒருத்தன் அதச் சாப்பிட்டாகணும். அன்னைக்கி அப்பத்த வெட்டிக் குடுக்கும்போது அந்தப் பொண்ணு என்ன சொல்லிச்சோ, அதுதான் கடைசி வரி. அதனாலதான் அவர் எழுதல. அது அவங்க வார்த்தை."

மேவிஸ் பேசவில்லை. அது வழக்கமில்லாததால் கிம்பர் அவளைத் திரும்பிப் பார்த்தார்.

"பாஸ், அந்த அப்பம்."

"என்ன அந்த அப்பம்?"

"யாரும் தொடறதில்லன்னு அந்தம்மா ரெண்டு தடவ சொன்னாங்க. நீங்களும் காதால கேட்டீங்க."

கிம்பர் மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்தார். "முழுசுமா?"

"மேல் ஓடு மட்டும் அப்படியே இருக்கு. தட்டுல கவுத்து வச்சிருக்கேன். தூரத்துலேர்ந்து பாத்தா தெரியாது." அவள் குரல் இறங்கியது. "காலைல சாப்பிடல, பாஸ்."

திட்டுவதற்கு நியாயம் இருந்தது. ஆனால் போன் வந்த கையோடு அவளை அவசரமாக ரயிலேற்றிக் கூட்டிவந்தவர் அவர்தான். சாப்பிட்டாயா என்று கேட்காமல் கூட்டிவந்தோமே என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது.

"தப்பு என்னோடது," என்றார்.

மிஸஸ் ஆக்ராய்டு இருவரையும் மாறிமாறிப் பார்த்தார். பிறகு உள்ளே போய், ஈரத்துணி சுற்றிய ஒரு பாத்திரத்தைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்தார்.

"நாளைக்கி என் தங்கச்சி வீட்ல எல்லாரும் கூடறாங்க. அதுக்குன்னு ரெண்டு வார ரேஷன் சேத்து வச்சு சுட்டது. எடுத்துட்டுப் போங்க."

"தங்கச்சி?"

"அவ எப்பவும் உப்பு கம்மின்னுதான் சொல்வா. எனக்கு ஒரு சீட்டு மட்டும் வேணும். எட்வின் நாடகத்த நான் பாக்கணும்."

கிம்பர் தன் சட்டைப்பையிலிருந்த சீட்டை எடுத்து அவர் கையில் வைத்தார்.

*

ஏழு மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது, நாடக வழக்கப்படி ஐந்து நிமிடம் முன்னதாகவே, 'இன்னும் அரைமணி' என்ற அழைப்பு நடையில் கேட்டது. லாவினியா டீக்கடைக்காரியின் பழைய உடுப்பில் தயாராக இருந்தார். கிம்பர் புத்தகத்தில் இருந்ததை ஒரு வார்த்தை விடாமல் சொல்லிமுடித்தார்.

லாவினியா தன் கைகளைத் திருப்பிப் பார்த்தார்.

"க்ரூவா?" என்றார். "ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் க்ரூதான். ஊர்ல இருக்கற அத்தன நாடகக் கம்பெனியும் அங்கதான் ரயில் மாறும். நாலு வருஷம். பிளாட்பாரம் முழுக்கப் பசிச்ச பசங்க. யாரு எட்வின்? எனக்கு முகமே வரல. அவர் நாப்பது வருஷம் நெனச்சிட்டிருந்தாரு. எனக்கு ஒரு வார்த்தகூட ஞாபகம் இல்ல. பாருங்க, பேப்பர்ல எழுதினது சரிதான். கிழவி மறந்துட்டா."

"அம்மா," என்றார் கிம்பர், "நீங்க மறந்ததுதான் சரி. ஞாபகம் வச்சிருக்க வேண்டியவரு வச்சிருந்தாரு."

"ஆனா நான் இப்ப என்ன சொல்றது?"

"கடைசில கத்திய எடுங்க. அப்பத்த வெட்டுங்க. ஒரு பய பசியோட நிக்கறான், அவனப் பாருங்க. என்ன வருதோ வரட்டும்."

"ஒண்ணும் வரலேன்னா?"

"ஒரு பய வயிறு நெறைஞ்சுதுன்னு இருக்கட்டும். அதுவும் மோசமான முடிவு இல்ல."

லாவினியா முதல் தடவையாகச் சிரித்தார். கிம்பர் நடையில் நின்று, தொப்பியைக் கழற்றி, கண்ணை மூடினார். ஜெபம் சின்னதாகத்தான் இருந்தது. அதற்குள் மேவிஸ் வந்து அவர் வாயில் இரண்டு புதினா மிட்டாய்களைத் திணித்துவிட்டாள்.

"மேடையோரத்துல நிக்கப் போறோம். எனக்கு உங்க உதட்டு மேல நம்பிக்க இல்ல."

*

இரண்டு அங்கங்கள் நன்றாகப் போயின. மூன்று மணி நேரம் தாங்குவாரா என்று கேட்டவர்கள் அந்தக் கேள்வியை இரண்டாம் இடைவேளைக்குள் மறந்திருந்தார்கள். மூன்றாம் அங்கத்தின் முடிவில் மட்டும், மேடையோரத்தில் பிரதியைப் பிரித்து வைத்திருந்த எனிட் விரலை வரியிலிருந்து எடுக்கவே இல்லை. நடிகர்கள் வரியை மறந்தால் மெல்லச் சொல்லிக்கொடுப்பது அவள் வேலை. இருபது வருடத்தில் ஒருவரையும் அவள் கைவிட்டதில்லை. இப்போது விரல் தொண்ணூற்றிரண்டாம் பக்கத்தின் கடைசியில், 'அடா' என்ற பெயருக்கு அப்பால், வெறும் காகிதத்தின் மேல் நின்றது.

மேடையில் கிளைவ் கதவருகில் நின்றான். அப்பத்தைப் பற்றி அவனிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை. அன்று முதல் காட்சி என்பதால் காலையிலிருந்து அவனும் ஒன்றும் சாப்பிட்டிருக்கவில்லை.

லாவினியா திரும்பினார். அவனைப் பார்த்தார்.

ஒன்றும் சொல்லவில்லை.

கூட்டத்தில் ஒரு நாற்காலி கிறீச்சிட்டது. முதல் வரிசையில் லண்டன் முதலாளி முன்னால் சாய்ந்தார். மேவிஸ் கிம்பரின் கையைப் பிடித்துக்கொண்டாள். நான்கு வருடம் தன்னை அறுத்த ரம்பத்துக்குக்கூட அவள் அப்படிப் பயந்ததில்லை.

லாவினியாவின் கை கத்தியைத் தேடியது. பார்வை அவனைவிட்டு நகரவில்லை. கை மட்டும் அப்பத்தின் நடுவைத் தொட்டு, அங்கிருந்து ஒரு விரற்கடை ஓரமாக நகர்ந்தது. அங்கே வெட்டியது. மேலோடு மொறுமொறுவென்று உடையும் சத்தம் கடைசி வரிசைவரை கேட்டது. தட்டில் இரண்டு துண்டுகள். ஒன்று கொஞ்சம் பெரிது.

அதைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது. பதினெட்டு வருடமாகத் திரையில் எல்லாரும் பார்த்த முகம் அல்ல அது. பெட்டிமேல் உட்கார்ந்திருந்த ஒரு பத்தொன்பது வயதுப் பெண்ணின் முகம்.

"உக்காரு," என்றார். "பாதி உன்னோடது. பெரிய பாதிய நீ எடுத்துக்க."

கிளைவ் மேசைக்கு வந்தான். உட்கார்ந்தான். எடுத்து ஒரு கடி கடித்தான். அது நடிப்பில்லை. கண்ணில் நீர் கோத்துக்கொள்ள, அவன் மென்றுகொண்டிருக்கும்போதே திரை இறங்கியது.

வெளியே ஒரு சத்தமும் இல்லை. பிறகு எல்லாச் சத்தமும் வந்தது.

கைதட்டல் ஓயாமல் கேட்டுக்கொண்டிருக்கும்போதே, யார் தடுத்தும் நிற்காமல், மிஸஸ் ஆக்ராய்டு மேடையோரத்துக்கு வந்துவிட்டார். ஏப்ரன் இல்லாமல் அவரை அடையாளம் காணக் கொஞ்ச நேரம் பிடித்தது. முகமெல்லாம் ஈரம்.

"அதேதான்," என்றார். "அப்படியே அதேதான். நாப்பது வருஷமா என் மேசைல உக்காந்து அதத்தான் சொன்னாரு. பாதி உன்னோடது, பெரிய பாதிய நீ எடுத்துக்க. பாதின்னா ரெண்டும் ஒண்ணுதானே, பெரிய பாதி எங்கேர்ந்து வந்துச்சுன்னு நான் தெனம் கேப்பேன்."

கிம்பர் மிட்டாயை விழுங்கிவிட்டார். "இத மத்தியானமே எங்ககிட்ட சொல்லியிருக்கலாமேம்மா?"

"நீங்க புத்தகத்தத்தானே கேட்டீங்க."

மேவிஸ் சுவரில் சாய்ந்து, சத்தம் வராமல் சிரிக்க முயன்றாள். "நாடெல்லாம் துப்பறிஞ்சோம், பாஸ். டீ குடிச்ச எடத்துல கேக்கல."

"கேட்டிருந்தா அவங்க இன்னைக்கி அத மனப்பாடம் பண்ணிச் சொல்லியிருப்பாங்க," என்றார் கிம்பர் மெதுவாக. "கேக்காம விட்டது நம்ம சாமர்த்தியம் இல்ல. யாரோ பாத்துக்கிட்டாங்க."

மேடையில் லாவினியா மறுபடி மறுபடி தலைவணங்கினார். ஆறாவது தடவை திரை உயர்ந்தபோது, மேடையோரத்தில் நின்ற அகலமான முகத்தைப் பார்த்துவிட்டு, நேராக வந்து அவர் கையைப் பிடித்தார். இருவரும் ஒருவரையொருவர் அறியாதவர்கள். தட்டில் மிச்சமிருந்த சின்னப் பாதியை லாவினியா கையோடு கொண்டுவந்திருந்தார். மிஸஸ் ஆக்ராய்டு அதில் ஒரு துண்டு பிட்டு வாயில் போட்டார்.

"உப்பு கம்மிதான்," என்றார் அழுதுகொண்டே. "தங்கச்சி சொல்றது சரிதான்."

எனிட் பிளன்ட் இதையெல்லாம் பார்க்கவில்லை. அவள் காதில் சொருகியிருந்த பென்சிலை எடுத்து, பிரதியின் கடைசியில் ஒரு வெள்ளைத் தாளைக் கோத்தாள். மேலே '93' என்று போட்டாள். கேட்டதை அப்படியே, அழகான எழுத்தில், ஒரு வரியாக எழுதினாள். அதன் கீழே 'திரை' என்று எழுதி, நாளைக்கு ஞாபகமாக, மேடைச் சாமான்களைக் கவனிப்பவருக்கு ஓரத்தில் ஒரு குறிப்பும் வைத்தாள்:

'அப்பம்: தினம் ஒன்று. மிஸ் டகெட்டுக்குத் தனியாக ஒன்று.'